லேப் டைமர் ஆப் சொல்ற நேரத்தை நம்பலாமா? டிராக்குக்குப் போறவங்களுக்கு ஒரு கைடு!

1997 அக்டோபர். ஸ்பெயினின் ஹெரெஸ் சர்க்யூட். ஃபார்முலா-1 சீசனின் கடைசி ரேஸுக்கான தகுதிச் சுற்று. ழாக் வில்நெவ், மைக்கேல் ஷூமேக்கர், ஹெய்ன்ஸ்-ஹெரால்ட் ஃப்ரென்ட்ஸன் மூணு பேரோட பெஸ்ட் லேப்பும் 1 நிமிடம் 21.072 விநாடி. ஆயிரத்தில் ஒரு பங்குகூட வித்தியாசம் கிடையாது. கடைசியில், அந்த நேரத்தை முதலில் போட்டவர் என்பதால் வில்நெவுக்கு போல் பொசிஷன் போனது.

இப்போ உங்க போனில் இருக்கும் லேப் டைமர் ஆப்பைத் திறந்து பாருங்கள். 2:10.347 என்று அதிலும் புள்ளிக்குப் பிறகு கம்பீரமாக மூன்று இலக்கம் இருக்கும். பார்க்க ஒரே மாதிரிதான். ஆனால், ரேஸ்களில் வண்டியில் ஒரு டிரான்ஸ்பாண்டரும், தார்ச்சாலைக்கு அடியில் புதைத்த வயரும் சேர்ந்து அந்த நேரத்தை அளக்கின்றன. உங்க போன் அளப்பது, சுமார் 20,200 கி.மீ உயரத்தில் சுற்றும் சாட்டிலைட்டுகளின் சிக்னலை வைத்து.

இருங்காட்டுக்கோட்டையில் இருக்கும் மெட்ராஸ் இன்டர்நேஷனல் சர்க்யூட்டுக்கும், கோவை செட்டிபாளையத்தில் இருக்கும் காரி மோட்டார் ஸ்பீட்வேக்கும் சொந்த பைக்கை எடுத்துக்கொண்டு டிராக் டே போகிறவர்கள் இன்று நிறைய. ரேஸ்குரோனோ, ஹாரிஸ் லேப்டைமர், டிராக்அடிக்ட் என ஏதாவது ஒரு ஆப் அவர்கள் போனில் இருக்கும். கூடவே புலம்பலும் இருக்கும். "நாலு லேப் ஓட்டினேன், ரெண்டுதான் காட்டுது பாஸ்", "நடுவுல ஆப் நின்னுடுச்சு", "ஃப்ரெண்டு போனுல ஒரு டைம், என் போனுல ஒரு டைம்".

இந்தப் புலம்பல்களில் பாதிக்கு மேல் செட்டிங்ஸிலேயே சரிபண்ணக்கூடியவை. மீதியைச் சரிபண்ண முடியாது, சுற்றிக்கொண்டு போகத்தான் முடியும். எது எந்த வகை என்று தெரியாமல் இருப்பதுதான் ஆபத்து. ஏன்னா, ஆப் 0.2 விநாடி குறைவாகக் காட்டினால் "இந்த வளைவுல லேட்டா பிரேக் பிடிச்சது வொர்க் அவுட் ஆகுது"ன்னு நினைத்து, அடுத்த லேப்பில் இன்னும் ஐந்து மீட்டர் தள்ளிப் பிடிக்கத் தோணும். அந்த 0.2 விநாடி நிஜமாகவே நீங்கள் மிச்சம் பிடித்ததா, போன் தப்பாகக் கணக்குப் போட்டதா என்று தெரியாமலே!

ஒரு செகண்டுக்கு ஒரு புள்ளி

பெரும்பாலான போன்களின் ஜிபிஎஸ், விநாடிக்கு ஒரு முறைதான் 'நான் இங்க இருக்கேன்' என்று சொல்லும். டெக்னிக்கலாகச் சொன்னால் 1 ஹெர்ட்ஸ். ஸ்விகி, ஓலாவுக்கு இது தாராளம். ஆனால், 150 கி.மீ வேகத்தில் போகும் பைக் ஒரு விநாடியில் கிட்டத்தட்ட 42 மீட்டர் கடந்துவிடும். அதாவது, போனைப் பொறுத்தவரை நீங்கள் டிராக்கில் ஓடவில்லை. 42 மீட்டருக்கு ஒரு முறை குதிக்கிறீர்கள்.

ஃபினிஷ் லைனுக்கு முன்னால் ஒரு புள்ளி, தாண்டிய பிறகு ஒரு புள்ளி. நடுவில் லைனை எப்போது கடந்தீர்கள் என்பதை ஆப் கணக்குப் போட்டுத்தான் சொல்கிறது. இரண்டு புள்ளிக்கும் நடுவே நேர்க்கோடு போட்டு, அந்தக் கோடு ஃபினிஷ் லைனை வெட்டும் இடத்தை வைத்து நேரத்தைப் பிரிக்கும். அந்த மூன்று இலக்கம் வருவது இப்படித்தான். அளந்த நம்பர் இல்லை, வகுத்த நம்பர்.

இன்னொரு பக்கம், புள்ளியின் இடமே கொஞ்சம் முன்பின் இருக்கும். திறந்த வானத்தின் கீழ் ஒரு ஸ்மார்ட்போன் பொதுவாக 4.9 மீட்டர் சுற்றளவுக்குள் இடத்தைச் சொல்லும் என்கிறது அமெரிக்க அரசின் ஜிபிஎஸ் தளம். இதை ஒரு ரவுண்டாக 5 மீட்டர் என்று வைத்துக்கொள்வோம். 150 கி.மீ வேகத்தில் 5 மீட்டர் என்பது 0.12 விநாடி. 60 கி.மீ வேகத்தில் அதே 5 மீட்டர் 0.3 விநாடி.

இந்த இடத்தில் 'அப்போ ஆப்பே வேஸ்ட்டா?' என்று கேட்கத் தோன்றும். இல்லை. ஜிபிஎஸ்ஸின் இந்தப் பிழை ஒவ்வொரு விநாடியும் கண்டபடி தாவாது, மெதுவாகத்தான் நகரும். இரண்டு நிமிஷம் முன்னால் 3 மீட்டர் கிழக்கே தள்ளிக் காட்டியது என்றால், இப்போதும் ஏறக்குறைய அதே பக்கம்தான் தள்ளிக் காட்டும். லேப் நேரம் என்பது இரண்டு கடப்புகளுக்கு நடுவே உள்ள வித்தியாசம் என்பதால், பிழையில் பெரும் பகுதி ஒன்றையொன்று அடித்துக்கொண்டு போய்விடும். அதனால்தான் ஓசி ஆப்கூட ஓரளவு நல்ல நேரமே காட்டுகிறது. ஓரளவு, அவ்வளவுதான். முழு விநாடியை நம்பலாம், புள்ளிக்குப் பிறகு வரும் முதல் இலக்கத்தைச் சந்தேகத்தோடு பார்க்கலாம், மற்ற இரண்டும் சும்மா அலங்காரம்.

கிளம்பறதுக்கு முன்னாடி போனைத் தயார் பண்ணுங்க

முதல் வேலை, லொகேஷன் அனுமதி. ஆண்ட்ராய்டு 12-லிருந்தும், ஐஓஎஸ் 14-லிருந்தும் லொகேஷன் கேட்கும்போது 'துல்லியமானது', 'தோராயமானது' என்று இரண்டு சாய்ஸ் வரும். பிரைவசி மேல அக்கறை இருக்கிறவங்க கை தானாகத் தோராயத்துக்குப் போகும். பாராட்டலாம். ஆனால், லேப் டைமருக்கு அது உதவாது. துல்லியமான லொகேஷனை ஆன் பண்ணினால்தான் ஆப் வேலையே செய்யும்.

அடுத்தது பேட்டரி. "நடுவுல ஆப் நின்னுடுச்சு" என்று புலம்புகிறவர்களில் பலருக்கு வில்லன் இதுதான். நிறைய ஆண்ட்ராய்டு போன்கள் சார்ஜ் மிச்சம் பிடிக்கிறேன் என்று, ஸ்கிரீன் அணைந்ததும் பின்னணியில் ஓடும் ஆப்களை இரக்கமில்லாமல் மூடிவிடும். பேட்டரி சேவர் ஆனில் இருந்தால், ஸ்கிரீன் ஆஃப் ஆனவுடன் லொகேஷனே நிற்கும் போன்களும் உண்டு. செட்டிங்ஸில் அந்த ஆப்பின் பக்கத்துக்குப் போய் பேட்டரிக்குக் 'கட்டுப்பாடு இல்லை' என்று மாற்றுங்கள். ஆட்டோ ஸ்டார்ட் என்று ஒரு ஆப்ஷன் இருந்தால் அதையும் ஆன் பண்ணுங்கள். ரீசன்ட் ஆப்ஸ் திரையில் ஆப்பை லாக் பண்ணும் வசதி இருந்தால் லாக். பேட்டரி சேவர் ஆஃப்.

போன் கால் வந்து கெடுக்கக்கூடாது என்று எல்லோரும் ஏரோபிளேன் மோடு போடுவார்கள். நல்ல பழக்கம், ஆனால் வரிசை முக்கியம். போன் சட்டென்று இடத்தைக் கண்டுபிடிப்பதற்குக் காரணம், சாட்டிலைட்டுகள் எங்கெங்கே இருக்கின்றன என்ற தகவலை நெட் வழியாக முன்கூட்டியே வாங்கி வைத்துக்கொள்வதுதான். நெட் இல்லை என்றால், அதையே சாட்டிலைட்டிலிருந்து நேரடியாக இறக்க வேண்டும். அந்தச் சிக்னலின் வேகம் விநாடிக்கு 50 பிட். ஆமாம், எம்பி இல்லை, கேபி இல்லை, வெறும் 50 பிட். ஒரு சாட்டிலைட்டின் பாதை விவரம் வரவே அரை நிமிஷம் ஆகும். எல்லா சாட்டிலைட்டுகளின் அட்டவணையும் முழுதாக வர பன்னிரண்டரை நிமிஷம். அதனால், டேட்டா ஆனில் இருக்கும்போதே பேடாக்கில் திறந்த வெளியில் ஆப்பைத் திறந்து, பத்து நிமிஷம் விட்டு, சிக்னல் நன்றாகப் பிடித்த பிறகு ஏரோபிளேன் மோடு போடுங்கள். வெளி ரிசீவர் வைத்திருந்தால் ப்ளூடூத்தை மறுபடி ஆன் பண்ண மறக்க வேண்டாம்.

போனை எங்கே வைப்பது? காரில் என்றால் கண்ணாடிக்குப் பக்கத்தில், வானம் தெரிகிற மாதிரி. வெயிலைத் தடுக்க உலோகம் கலந்த ஃபிலிம் ஒட்டிய கண்ணாடி, சிக்னலையும் சேர்த்துத் தடுக்கும். ஆனால், சென்னை வெயிலில் டேஷ்போர்டு மேல் போன் என்ன ஆகும் என்று சொல்லத் தேவையில்லை. ஐபோனை 0 முதல் 35 டிகிரி வரையிலான சூழலில் பயன்படுத்தச் சொல்கிறது ஆப்பிள். நம்ம ஊர் மே மாதத்தில் நிழலிலேயே அதைத் தாண்டிவிடும். சூடு ஏறினால் போன் முதலில் ஸ்கிரீன் வெளிச்சத்தைக் குறைக்கும், பிறகு ஒவ்வொன்றாக நிறுத்தும். சார்ஜ் போட்டுக்கொண்டே ஓட்டாதீர்கள், அது சூட்டை இன்னும் ஏற்றும். தடிமனான கவரைக் கழற்றுங்கள். செஷன் முடிந்ததும் போனை வெயிலில் விடாமல் நிழலுக்கு எடுத்து வாருங்கள். ஐஸ் பெட்டி, ஃபிரிட்ஜ் வேண்டாம், உள்ளே ஈரம் கோக்கும்.

பைக் என்றால் ஹேண்டில்பார் மவுன்ட் எனக்குப் பிடிக்காத ஐடியா. 2021-ல் ஆப்பிளே ஒரு எச்சரிக்கை வெளியிட்டது. அதிக சக்தி வாய்ந்த பைக் இன்ஜின்களின் அதிர்வு, ஹேண்டில்பார் வழியாக வந்து ஐபோன் கேமராவின் ஸ்டெபிலைசேஷனையும் ஆட்டோஃபோகஸையும் கெடுக்கலாம் என்று. கேமராவை விடுங்கள், 150-ல் போகும்போது ஒரு விநாடி கீழே குனிந்து டைம் பார்த்தால் அந்த 42 மீட்டரை நீங்கள் பார்க்கவில்லை என்று அர்த்தம். ஜாக்கெட்டின் மேல் பாக்கெட்டில் ஸ்கிரீன் லாக் பண்ணி வைத்தால் வேலை முடிந்தது. விழுந்தால் போன் எலும்பில் குத்தாத இடமாகப் பாருங்கள். போனைக் கையிலோ மவுன்ட்டிலோ கொண்டுபோக அனுமதி உண்டா என்று டிராக் டே நடத்துபவரிடம் முதலிலேயே கேட்டுவிடுங்கள். ஒரு செஷனை ஆரம்பத்திலேயே இழப்பதற்கு அதைவிட மோசமான காரணம் கிடையாது.

லைன் எங்க போடறீங்க?

இதுதான் முக்கியமான இடம். பலர் கவனிக்காத இடமும்கூட.

ஆப்பில் ஸ்டார்ட்-ஃபினிஷ் லைனை நீங்களே போடலாம். எல்லோரும் நிஜமான ஃபினிஷ் லைன் எங்கே இருக்கிறதோ அங்கேயே போடுவார்கள். அதற்குக் கட்டாயமே இல்லை. வட்டம் எங்கே ஆரம்பித்தாலும் வட்டம்தானே? ஓடிக்கொண்டே முடிக்கும் லேப்புக்கு லைன் எங்கே இருந்தாலும் மொத்தத் தூரம் ஒன்றுதான்.

அப்படியென்றால் எங்கே போடுவது? மேலே சொன்ன கணக்கைத் திரும்பப் பாருங்கள். அதே 5 மீட்டர் பிழை, 60-ல் 0.3 விநாடி, 150-ல் 0.12 விநாடி. வேகம் கூடக் கூட, அதே தூரப் பிழை நேரத்தில் சின்னதாகிறது. அதனால் டிராக்கிலேயே நீங்கள் அதிக வேகத்தில் போகிற, நேரான, பிரேக்கைத் தொடாத இடத்தில் லைன் போடுங்கள். நீளமான ஸ்ட்ரெயிட்டின் பிற்பகுதி, பிரேக்கிங் பாயின்ட்டுக்குக் கொஞ்சம் முன்னால். பிரேக் பிடிக்கும் இடத்தில் போட்டால், இரண்டு புள்ளிக்கு நடுவே வேகம் மாறிக்கொண்டே இருக்கும். ஆப் போடும் நேர்க்கோட்டுக் கணக்கு அங்கே தடுமாறும். வளைவில் போட்டால் இன்னும் மோசம். நீங்கள் வளைந்து போகிறீர்கள், ஆப் குறுக்கே வெட்டிப்போகிறது.

லைனின் அகலமும் விளையாடும். டிராக் அகலத்துக்குச் சரியாகப் போட்டால், ஜிபிஎஸ் கொஞ்சம் தள்ளிப்போகும்போது நீங்கள் லைனுக்கு வெளியே போனதாக ஆப் நினைக்கும். லேப் கவுன்ட் ஆகாது. நாலு லேப் ஓட்டி ரெண்டு காட்டும் மர்மம் பெரும்பாலும் இதுதான். இரண்டு பக்கமும் பத்துப் பத்து மீட்டர் தாராளமாக நீட்டுங்கள். ஆனால், பக்கத்திலேயே பிட் லேன் இருந்தாலோ, டிராக்கின் இன்னொரு பகுதி இணையாகப் போனாலோ, நீட்டிய லைன் அதையும் பிடித்துக்கொள்ளும். ஒரே சுற்றில் இரண்டு லேப் விழும். பிட் லேனுக்குப் பக்கத்தில் இல்லாத ஸ்ட்ரெயிட்டைத் தேர்ந்தெடுக்க இது இன்னொரு காரணம்.

ஆப்பில் ரெடிமேடாக இருக்கும் டிராக் பட்டியலிலும் ஒரு கண் வையுங்கள். மெட்ராஸ் சர்க்யூட்டின் முழு நீளம் 3.717 கி.மீ. ஆனால், அங்கே அதைவிடச் சின்ன லே அவுட்டுகளும் உண்டு. அன்றைக்கு எந்த லே அவுட் ஓடுகிறது என்று பார்க்காமல் தட்டினால், செக்டர் லைன் ஒன்று நீங்கள் போகவே போகாத பாதையில் இருக்கும். ஆப் அந்த லேப்பைச் செல்லாது என்று தள்ளிவிடும். காரி சுமார் 2.1 கி.மீதான். டிராக் சின்னதாக ஆக, லேப் நேரமும் சின்னதாகும். அதே 0.2 விநாடிப் பிழை அங்கே இன்னும் பெரிதாகக் கண்ணில் படும்.

ஸ்பீடு கம்மியா காட்டுதே?

"ஸ்பீடோமீட்டர்ல 140 பார்த்தேன், ஆப்ல 131தான் இருக்கு. ஆப் டுபாக்கூர்!" அவசரப்படாதீங்க பாஸ். ஸ்பீடோமீட்டருக்கான ஐ.நா விதி எண் 39 என்ன சொல்கிறது தெரியுமா? மீட்டர் காட்டும் வேகம் நிஜ வேகத்தைவிடக் குறைவாக இருக்கவே கூடாது. கூடுதலாகக் காட்டலாம், நிஜ வேகத்தில் 10 சதவிகிதம், அதோடு மணிக்கு 4 கி.மீ வரை. அதனால் கம்பெனிகள் மீட்டரைக் கொஞ்சம் தாராளமாகவே செட் பண்ணும். ஜிபிஎஸ், வேகத்தைப் புள்ளிகளுக்கு நடுவே உள்ள தூரத்தை வைத்து மட்டும் கணக்கிடுவதில்லை. சாட்டிலைட் சிக்னலின் அலைவரிசை மாற்றத்திலிருந்து எடுக்கிறது. ஆம்புலன்ஸ் நம்மைத் தாண்டும்போது சைரன் சத்தம் மாறுமே, அதே டாப்ளர் விஷயம். ஸ்ட்ரெயிட்டில் நிலையாகப் போகும்போது ஆப் காட்டும் வேகம்தான் உண்மைக்குப் பக்கத்தில் இருக்கும். மனசு கொஞ்சம் வலிக்கும், அவ்வளவுதான்.

ஆனால், வளைவில் அது சொல்லும் 'குறைந்தபட்ச வேகம்' வேறு கதை. ஒரு விநாடிக்கு ஒரு புள்ளி என்பதால், நீங்கள் உண்மையிலேயே மெதுவாகப் போன அந்த அரை நொடி இரண்டு புள்ளிக்கு நடுவே விழுந்துவிடலாம். ஒரு லேப்பில் 62, அடுத்ததில் 67 என்று காட்டினால் நீங்கள் 5 கி.மீ முன்னேறிவிட்டீர்கள் என்று அர்த்தமில்லை. புள்ளி வேற இடத்துல விழுந்திருக்கு.

'ஐடியல் லேப்' என்கிற பொய்

பல ஆப்களில் இருக்கும், பார்த்ததும் கை துறுதுறுக்க வைக்கும் ஒரு வசதி இது. டிராக்கை மூன்று செக்டராகப் பிரித்து, ஒவ்வொரு செக்டரிலும் உங்கள் பெஸ்ட் நேரத்தை எடுத்துக் கூட்டி, 'உன்னால இவ்வளவு வேகமா போக முடியும்' என்று ஒரு நம்பர் காட்டும். உங்கள் நிஜமான பெஸ்ட் 2:10 என்றால், ஐடியல் லேப் 2:08.9 என்று மின்னும்.

டிரான்ஸ்பாண்டர் வைத்து அளந்தால் அந்த நம்பருக்கு அர்த்தம் உண்டு. போன் ஜிபிஎஸ்ஸில் அது எப்போதுமே மிகைப்படுத்தும். ஏன் என்று பாருங்கள். முதல் செக்டர் முடியும் லைனில் ஜிபிஎஸ் உங்களைக் கொஞ்சம் முன்னால் தள்ளிக் காட்டுகிறது என்று வைத்துக்கொள்வோம். முதல் செக்டர் 0.2 விநாடி குறையும். இரண்டாவது செக்டர் அதே 0.2 விநாடி கூடும். அந்த லேப்பின் மொத்த நேரம் மாறாது, பிழை கழிந்துவிட்டது. ஆனால் ஐடியல் லேப் என்ன செய்கிறது? அதிர்ஷ்டத்தில் குறைந்த முதல் செக்டரை இந்த லேப்பிலிருந்து பொறுக்குகிறது. இரண்டாவது செக்டரை, அங்கே பிழை சாதகமாக விழுந்த வேறொரு லேப்பிலிருந்து பொறுக்குகிறது. உங்களுக்குச் சாதகமான பிழைகள் எல்லாம் சேர்கின்றன, பாதகமானவை எல்லாம் குப்பைக்குப் போகின்றன. எட்டு லேப் ஓட்டினால் பொறுக்க எட்டு வாய்ப்பு. பதினைந்து ஓட்டினால் பதினைந்து. நீங்கள் ஒரு துளிகூட முன்னேறாமலே ஐடியல் லேப் மட்டும் இறங்கிக்கொண்டே போகும்.

களைத்துப்போன கடைசி செஷனில், இந்த நம்பரைத் துரத்திக்கொண்டு போவதுதான் பயமாக இருக்கிறது. எட்ட முடியாத நேரத்தை எட்ட, மிச்சம் இருப்பது பிரேக்கிங் பாயின்ட்டைத் தள்ளுவது மட்டும்தானே? டயர் சூடாகிக் கிடக்கும், கை மரத்திருக்கும். என்னைக் கேட்டால், போன் ஜிபிஎஸ் மட்டும் வைத்திருப்பவர்கள் அந்தத் திரையையே ஆப்பில் மறைத்துவிடலாம். ஓட்டும்போதே 'முந்தின லேப்பைவிட 0.15 முன்னால்' என்று பச்சையில் காட்டும் டெல்டாவும் இதே கேஸ்தான்.

பதிலுக்கு என்ன பார்க்கலாம்? ஒரு செஷனில் டிராஃபிக்கில் மாட்டாத லேப்களை மட்டும் எடுத்து அவற்றின் சராசரி. புது பிரேக் பேட், புது டயர் பிரஷர் என்று எதையாவது மாற்றினால், மாற்றுவதற்கு முன் நாலு லேப், மாற்றிய பின் நாலு லேப், இரண்டின் சராசரியும். வித்தியாசம் 0.3 விநாடிக்குக் கீழே இருந்தால் 'ஒண்ணும் தெரியல' என்றுதான் எடுத்துக்கொள்ள வேண்டும். ஆயிரக்கணக்கில் செலவு பண்ணி எக்ஸாஸ்ட் மாற்றியவருக்கு இதைக் கேட்கப் பிடிக்காது.

உங்க போன் எவ்வளவு பொய் சொல்லும்? நீங்களே பார்க்கலாம்

மொட்டை மாடியில் போனை அசையாமல் வைத்து, ஆப்பில் பத்து நிமிஷம் ரெக்கார்ட் பண்ணுங்கள். பிறகு மேப்பில் பாருங்கள். ஒரே புள்ளியாக இருக்க வேண்டிய இடத்தில் குழந்தை கிறுக்கிய மாதிரி ஒரு கோடு இருக்கும். அந்தக் கிறுக்கலின் அகலம்தான் உங்கள் போனின் குணம். 2018-ல் வந்த ஷாவ்மி மி 8-லிருந்து, இரண்டு அலைவரிசையில் சிக்னல் வாங்கும் போன்கள் சந்தையில் இருக்கின்றன. கட்டடங்களில் பட்டு எதிரொலிக்கும் சிக்னலை இவை ஓரளவு வடிகட்டும், கிறுக்கலும் சின்னதாகலாம். ஆனால் 'விநாடிக்கு ஒரு புள்ளி' பிரச்னை அப்படியேதான் இருக்கும்.

இன்னொரு டெஸ்ட் டிராக்கில். நண்பரின் போனிலும் அதே ஆப், அதே லைன். இரண்டு போனையும் நீங்களே எடுத்துக்கொண்டு ஒரு செஷன் ஓட்டுங்கள். ஒரே வண்டி, ஒரே ஆள், ஒரே லேப். இரண்டு போனும் காட்டும் நேரத்தில் உள்ள வித்தியாசம் முழுக்க முழுக்க போனின் கைவரிசை.

டிராக்குக்குப் போக நாளாகும், அதுவரை இசிஆரில் டெஸ்ட் பண்ணிப் பார்க்கலாமே என்று மட்டும் ஆரம்பிக்க வேண்டாம். மோட்டார் வாகனச் சட்டத்தின் 189-வது பிரிவு, பொது இடத்தில் ரேஸை மட்டும் தடுக்கவில்லை, அனுமதி இல்லாத எந்த வேகச் சோதனையையும் தடுக்கிறது. 2019 திருத்தத்துக்குப் பிறகு மூன்று மாதம் வரை ஜெயில், 5,000 ரூபாய் வரை அபராதம், அல்லது இரண்டும். மறுபடி மாட்டினால் ஒரு வருஷம், 10,000 ரூபாய். உங்கள் ஆப்பே நேரம், வேகம், இடத்தோடு சாட்சியைத் தயாராக வைத்திருக்கும்.

செலவில்லாத மாற்று வழி: வீடியோ

எனக்குப் பிடித்த வழி இதுதான். ஆக்‌ஷன் கேமரா இருந்தால் வண்டியில் உறுதியாக மாட்டி, விநாடிக்கு 60 ஃபிரேமில் செஷன் முழுவதையும் ரெக்கார்ட் பண்ணுங்கள். ஸ்ட்ரெயிட்டில் அசையாத ஒரு அடையாளத்தைத் தேர்ந்தெடுங்கள். டிராக்கில் வரைந்த வெள்ளைக் கோடோ, ஒரு கம்பமோ போதும். வீட்டுக்கு வந்து, அந்த அடையாளத்தைக் கடக்கும் ஃபிரேம் எது என்று பார்த்து, நேரத்தைக் குறித்து, ஒன்றிலிருந்து ஒன்றைக் கழியுங்கள். 60 ஃபிரேம் என்றால் ஒரு ஃபிரேமுக்கு 0.017 விநாடி. 100 கி.மீ வேகத்தில் அரை மீட்டருக்கும் குறைவு. ஜிபிஎஸ்ஸின் 5 மீட்டர் எங்கே, இது எங்கே!

ஒரே ஒரு எச்சரிக்கை. போன் கேமராக்கள் பல சமயம் சீராக 60 ஃபிரேம் எடுக்காது, வெளிச்சத்தைப் பொறுத்துக் கூட்டிக் குறைக்கும். அதனால் ஃபிரேம்களை எண்ணிக் கணக்குப் போடாதீர்கள். எடிட்டிங் ஆப்பில் அந்த ஃபிரேமுக்குக் காட்டும் நேரத்தை எடுங்கள். பத்து லேப்புக்கு அரை மணி நேரம் ஆகும். அந்த அரை மணியில், எந்த வளைவில் அவசரப்பட்டு த்ராட்டில் கொடுத்தோம் என்பதும் கண்ணில் படும்.

கேமரா இல்லையா? கூட வந்த நண்பரிடம் போனின் சாதாரண ஸ்டாப்வாட்ச்சைக் கொடுத்து, அனுமதித்த இடத்தில் நிற்கச் சொல்லுங்கள். மனிதக் கைக்குச் சுமார் 0.2 விநாடி தாமதம் உண்டுதான். ஆனால், வருகிற வண்டியைப் பார்த்துக்கொண்டே அமுக்கும்போது அது குறையும், ஒவ்வொரு முறையும் ஒரே மாதிரி தாமதித்தால் கழிந்தும் போகும். 'ஸ்டாப்'பை அமுக்காமல் 'லேப்'பை அமுக்கச் சொல்லுங்கள். நடுவில் ரீல்ஸ் பார்க்க மாட்டேன் என்று சத்தியமும் வாங்கிக்கொள்ளுங்கள்.

வெளி ரிசீவர் வாங்கலாமா?

ப்ளூடூத்தில் போனோடு இணையும் ஜிபிஎஸ் ரிசீவர்கள் இருக்கின்றன. கார்மின் குளோ விநாடிக்கு 10 முறை இடம் சொல்லும், ரேஸ்பாக்ஸ் மினி 25 முறை. 25 முறை என்றால், 150-ல் போகும்போது 1.7 மீட்டருக்கு ஒரு புள்ளி. வளைவுகளில் உங்கள் பாதை அப்போதுதான் கோடாகத் தெரியும், செக்டர் நேரங்களுக்கும் அர்த்தம் வரும்.

வாங்குவதற்கு முன் உங்கள் ஆப் அந்த ரிசீவரை நேரடியாக ஆதரிக்கிறதா என்று பாருங்கள். ஐபோன்காரர்கள் இதில் கூடுதல் கவனமாக இருக்க வேண்டும். ஆண்ட்ராய்டில் வேலை செய்யும் பழைய வகை ப்ளூடூத் ரிசீவர்கள் பல, ஆப்பிளின் அனுமதி இல்லாததால் ஐபோனில் இணையாது. ப்ளூடூத் லோ எனர்ஜி என்று போட்டிருப்பவை பெரும்பாலும் பிரச்னை இல்லை. வாங்கிய பிறகு வரும் பொதுவான கம்பிளெயின்ட், "ரிசீவர் வாங்கியும் அதே டைம்தான் காட்டுது". ப்ளூடூத்தில் இணைத்தால் மட்டும் போதாது, ஆப்பின் செட்டிங்ஸுக்குள் போய் ஜிபிஎஸ் எங்கிருந்து என்ற இடத்தில் ரிசீவரைத் தேர்ந்தெடுக்க வேண்டும். இல்லையென்றால் ரிசீவர் ஒரு பக்கம் சும்மா எரிந்துகொண்டிருக்க, ஆப் போனின் ஜிபிஎஸ்ஸையே எடுத்துக்கொண்டிருக்கும். செஷன் பக்கத்தில் புதுப்பிப்பு வேகம் 1 ஹெர்ட்ஸ் என்று இருக்கிறதா, 10 அல்லது 25 என்று இருக்கிறதா என்று பார்த்தால் தெரிந்துவிடும்.

முதல் வருஷம் டிராக்குக்குப் போகிறவர்களுக்கு இது தேவையில்லை என்பதே என் கருத்து. அப்போது ஒவ்வொரு செஷனிலும் நாலைந்து விநாடி குறையும். அதை அளக்க ஓசி ஆப்பே போதும். குறைவது அரை விநாடிக்குள் வந்து நிற்கும்போது வாங்கிக்கொள்ளலாம்.

கார்ட்டிங் போகிறவர்கள் இந்தத் தலைவலியை எல்லாம் மறந்துவிடலாம். அங்கே வேகம் குறைவு, வளைவுகள் நெருக்கம். 40 கி.மீ வேகத்தில் 5 மீட்டர் என்பது 0.45 விநாடி. இண்டோர் டிராக் என்றால் கூரைக்குக் கீழே சிக்னலே இருக்காது. கார்ட்டிலேயே டிரான்ஸ்பாண்டர் வைத்திருக்கும் டிராக்குகளில் செஷன் முடிந்ததும் லேப் நேரங்களைக் கவுன்ட்டரிலேயே கேட்டு வாங்கலாம். போனை லாக்கரில் வைத்துவிட்டுப் போங்கள்.